விழுவதில் என்ன இருக்கிறது? ஊமைக் குறும்படச் சிரிப்பு பற்றி ஓர் இழை

வாசகர் கேள்வி, ஜூன் 3

ஊமைப்பட நகைச்சுவை நடிகர்கள் சாப்ளின், கீட்டன் என்று ஆளாளுக்குக் கொண்டாடுகிறீர்கள். நானும் சில பழைய குறும்படங்களைப் பார்த்தேன். ஆட்கள் குடுகுடுவென்று ஓடுகிறார்கள், மோதுகிறார்கள், விழுகிறார்கள், எழுந்து மறுபடி ஓடுகிறார்கள். இந்த வேகத்தில் ஓட்டினால் என் மாமா ரேஷன் கடைக்கு நடந்து போவதைக் காட்டினாலும் சிரிப்பு வரும். இதில் கலை எங்கே இருக்கிறது?

ஜூன் 3, இரவு

வேகத்தை முதலில் பேசிவிடலாம். நீங்கள் பார்த்தது பெரும்பாலும் தவறான வேகத்தில் ஓடிய பிரதியாக இருக்கும்.

அந்தக் காலத்தில் கேமராக்காரர் கைப்பிடியைச் சுற்றித்தான் படம் எடுத்தார். நொடிக்கு 16 சட்டகம் (ஃபிரேம், பிலிமில் பதியும் ஒவ்வொரு தனிப்படம்) என்பது ஒரு பொதுக் கணக்கு. ஆளுக்கு ஆள், காட்சிக்குக் காட்சி அது மாறும். 1920களின் கடைசியில் பேசும்படம் வந்தபோது, குரல் இழுபடாமல் இருக்க, வேகம் நொடிக்கு 24 என்று நிலைத்துவிட்டது. அதன்பிறகு பழைய ஊமைப் படங்களையும் அதே புதிய இயந்திரங்களில் போட்டு ஓட்டினார்கள். தொலைக்காட்சிக்கும் பல பிரதிகள் அப்படியேதான் போயின. போதாக்குறைக்கு யாராவது விழும்போதெல்லாம் 'டொய்ங்' என்று ஒரு சத்தத்தையும் மேலே ஒட்டினார்கள். எனக்கு அந்தச் சத்தத்தைக் கேட்டாலே எரிச்சல்.

எங்கள் ஊர் திரைப்படச் சங்கத்தில் 16 மி.மீ. புரொஜெக்டர் ஓட்டும் வேலை கொஞ்ச காலம் என்னிடம் இருந்தது. ஒலிப்படத்துக்கு ஒரு வேகம், ஊமைப்படத்துக்கு ஒரு வேகம் என்று அதில் சின்னதாக ஒரு சுவிட்ச் உண்டு. யாரும் அதைத் தொட மாட்டார்கள். ஒருநாள் சாப்ளினின் அடகுக்கடைப் படம், 'தி பான்ஷாப்', வந்தது. வழக்கம்போல ஒலி வேகத்தில் ஓடியது. சிறுவர்கள் சிரித்தார்கள். முடிந்த பிறகும் நேரம் இருந்ததால், சுவிட்சைத் தள்ளிவிட்டு அதே படத்தை மறுபடி போட்டேன். இந்த முறை முன்வரிசையில் இருந்த ஓர் அம்மா பக்கத்தில் இருந்தவரிடம், "அந்தக் கடிகாரம் கொண்டாந்தவன் மூஞ்சியைப் பாருங்க" என்றார். முதல் ஓட்டத்தில் அந்த மூஞ்சியை யாருமே பார்க்கவில்லை. பார்க்க நேரமே கிடைக்கவில்லை.

ஜூன் 3, இன்னும் கொஞ்ச நேரம் கழித்து

கணக்கையும் போட்டுவிடுகிறேன். 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டகம். ஒரு ரீல் என்பது சுமார் 1000 அடி. நொடிக்கு 16 சட்டகம் என்றால் நொடிக்கு ஓர் அடி, ஆக ஒரு ரீல் 16 நிமிடத்துக்கு மேல் ஓடும். நொடிக்கு 24 என்றால் 11 நிமிடத்தில் முடிந்துவிடும். இரண்டு ரீல் படம் என்றால் ஒரு சட்டகம்கூட வெட்டாமலே 11 நிமிடம் காணாமல் போகிறது. போவது முழுக்க நடிகர் யோசிக்கிற நேரம், தயங்குகிற நேரம், திரும்பிப் பார்க்கிற நேரம்.

ஜூன் 5

"சரியான வேகத்தில் போட்டால் எல்லோரும் சாதாரணமாக நடப்பார்களே, பிறகு சிரிப்பு எங்கிருந்து வரும்?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். நேற்று முழுக்க இதுதான் மனதில் ஓடியது.

சரியான வேகம் என்று ஒற்றை எண் கிடையாது. நகைச்சுவைப் படத் தயாரிப்பாளர் மாக் சென்னட் 1912ல் கலிபோர்னியாவின் எடன்டேலில் கீஸ்டோன் கம்பெனியைத் தொடங்கினார். அங்கே துரத்தல் காட்சி என்றால் கேமராவை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றுவார்கள். மெதுவாக எடுத்ததைச் சாதாரணமாக ஓட்டினால் திரையில் வேகமாகத் தெரியும். போலீஸ் வண்டி வளைவில் திரும்பும்போது பின்னால் தொங்குகிற ஆட்கள் ஒவ்வொருவராக உதிர்வது அப்படித்தான் கிடைத்தது. தியேட்டரில் ஓட்டியவர்களும் எடுத்த வேகத்தைவிடச் சற்று விரைவாகவே ஓட்டினார்கள். எடுத்தவர்களுக்கு அது தெரியும், தெரிந்தேதான் எடுத்தார்கள்.

ஆக வேகம் அவர்கள் கையில் இருந்த ஒரு கருவி. கச்சேரியில் காலம் மாற்றிப் பாடுவது போல, எங்கே விரைவு, எங்கே நிதானம் என்று அவர்கள் முடிவு செய்திருந்தார்கள். நாம் மொத்தத்தையும் ஒரே துரிதகாலத்தில் ஓட்டிவிட்டு, பாட்டு நன்றாக இல்லை என்று சொல்லக்கூடாது.

ஜூன் 8

இன்று கொஞ்சம் நீளமாக எழுதப்போகிறேன். சிரிப்பு விழுவதில் இல்லை, அதற்கு முந்தைய காத்திருப்பில்தான் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். நமக்குத் தெரிந்துவிட்டது, அந்த ஆளுக்கு இன்னும் தெரியவில்லை. அந்த இடைவெளியை எவ்வளவு நேரம் அறாமல் இழுக்க முடியும் என்பதுதான் தொழில்.

அடகுக்கடைக் காட்சியையே எடுத்துக்கொள்வோம். 1916ல் வந்தது. யாரும் விழாத காட்சி. ஒரு ஆள் அலாரம் கடிகாரத்தை அடகு வைக்க வருகிறார். நடித்தவர் ஆல்பர்ட் ஆஸ்டின். கவுன்டருக்கு இந்தப் பக்கம் சாப்ளின். கடிகாரத்தை வாங்கி, டாக்டர் குழாய் வைத்து அதன் மார்பைக் கேட்கிறார். விரலை வைத்துத் தட்டிப் பார்க்கிறார். சரி, நோயாளி பிழைப்பான் போலிருக்கிறது. அடுத்து துளைக்கும் கருவி. பிறகு தகர டப்பா திறக்கும் கத்தியை எடுத்து அடிப்பக்கத்தை டப்பா மாதிரியே வெட்டித் திறந்து, முகர்ந்து பார்த்து முகத்தைச் சுளிக்கிறார். உள்ளே கெட்டுப்போயிருக்கிறது! அப்புறம் ஸ்பிரிங்கை வெளியே இழுத்து, ஜவுளிக்கடையில் ரிப்பன் அளப்பது போல அளக்கிறார். உருவிப்போட்ட சாமான்கள் கவுன்டரில் புழுவாய் நெளிகின்றன, அவற்றுக்கு எண்ணெய் விடுகிறார். கடைசியில் எல்லாவற்றையும் அள்ளி அந்த ஆளின் தொப்பிக்குள் போட்டுத் திருப்பிக் கொடுத்து, 'தேறாது' என்று தலையை ஆட்டுகிறார்.

டாக்டர், சமையல்காரர், ஜவுளிக்கடைக்காரர் என்று சாப்ளினின் கை ஒவ்வொரு நொடியும் வேறொரு தொழிலாளியின் கையாக மாறுகிறது. ஒவ்வொரு தொழிலுக்கும் உரிய கவனம் கச்சிதமாக இருக்கிறது. கடிகாரம் சாவதுதான் நமக்குத் தெரிகிறது. ஆஸ்டினோ ஒரு நிபுணர் வேலை செய்வதைப் பார்க்கிற மரியாதையோடு நிற்கிறார். அந்த அம்மா சுட்டிக்காட்டிய முகம் அதுதான். அந்த முகத்தை எடுத்துவிட்டால் காட்சியில் ஒரு பொருளை உடைக்கிற மனிதன் மட்டுமே மிஞ்சுவான்.

அடுத்தது பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்', 1920. புதுமணத் தம்பதிக்குப் பரிசாகப் பெட்டிகளில் ஒரு வீடு வருகிறது. எண் பார்த்துப் பொருத்திக்கொள்ள வேண்டிய வீடு. மணப்பெண்ணை விரும்பி ஏமாந்த ஒருவன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். வீடு கோணல்மாணலாக எழுகிறது. புயலில் தட்டாமாலை சுற்றுகிறது (கீழே சுழல்மேடை வைத்துக் கட்டினார்கள்). எல்லாம் முடிந்தபிறகு, தவறான மனையில் கட்டிவிட்டோம், நம் மனை தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் என்று தெரிகிறது. வீட்டை இழுத்துக்கொண்டு போகிறார்கள். சரியாகத் தண்டவாளத்தின் மேல் அது நின்றுவிடுகிறது. ரயில் வருகிறது. தள்ளுகிறார்கள், அசையவில்லை. இருவரும் கண்ணை மூடிக்கொள்கிறார்கள்.

ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது.

அப்பாடா என்று அவர்கள் மூச்சு விடுகிறார்கள், நாமும் விடுகிறோம். அந்த மூச்சு வெளியே வந்துகொண்டிருக்கும்போதே எதிர்த்திசையில் இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்கிவிட்டுப் போகிறது. கேமரா தூரத்தில் அசையாமல் நிற்கிறது. வெட்டும் இல்லை, நெருக்கக் காட்சியும் இல்லை. உண்மையான ரயில், உண்மையான வீடு. இடிந்த குவியலில் 'விற்பனைக்கு' என்று ஒரு பலகையைச் செருகுகிறார் கீட்டன். நாலடி போனவர் திரும்பி வந்து, வீடு கட்டும் வழிமுறைத் தாளையும் அதிலேயே மாட்டிவிட்டுப் போகிறார்.

இரண்டாவது ரயிலுக்கு நம்மைத் தயார் செய்தது முதல் ரயில்தான். இந்த ஒழுங்கை யாராவது உட்கார்ந்து யோசித்திருக்க வேண்டும். படத்தை வேகமாக ஓட்டுவதால் இது கிடைக்காது.

ஜூன் 9

கீட்டன் மேல் சுவர் விழும் காட்சி பற்றி மூன்று பேர் கேட்டிருக்கிறீர்கள். முழுச் சுவர் மேலே சாய, ஜன்னல் ஓட்டைக்குள் நின்றிருந்த ஆள் அப்படியே தப்பிக்கிறார். எல்லோருக்கும் நினைவில் இருப்பது 1928ன் 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' என்ற முழுநீளப் படம். அதற்கு முன்பே 'ஒன் வீக்' படத்தில் சின்னதாக உண்டு. அதற்கும் முன் 1919ல் பருத்த உடல் நகைச்சுவை நடிகர் ஆர்பக்கிளோடு செய்த 'பேக் ஸ்டேஜ்' குறும்படத்தில் நாடகத் தட்டி ஒன்று ஆர்பக்கிள் மேல் அதே மாதிரி விழுகிறது. தட்டி, மரச் சுவர், கடைசியில் டன் கணக்கில் எடையுள்ள வீட்டு முகப்பு. ஒரே யோசனைக்கு ஒன்பது வருடமாக எடை கூட்டிக்கொண்டே போயிருக்கிறார்.

ஜூன் 12

ஆரம்பம் எது என்ற பேச்சு வந்துவிட்டது. சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்களின் தோட்டக்காரர் படத்தைச் சொல்லாமல் முடியாது. 1895 டிசம்பர் 28, பாரிஸ் கிராண்ட் கஃபேயில் காசு வாங்கிக்கொண்டு திரையிட்ட படங்களில் ஒன்று. ஒரு நிமிடம்கூட ஓடாது. தோட்டக்காரர் குழாயில் தண்ணீர் பாய்ச்சுகிறார். பையன் பின்னால் வந்து குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நிற்கிறது. அவர் குழாய் வாயை உற்றுப் பார்க்கிறார், பையன் காலை எடுக்கிறான், முகத்தில் பீய்ச்சி அடிக்கிறது. பத்திரிகைகளில் படக்கதையாக முன்பே வந்த வேடிக்கைதான்.

நான் பட்டறைகளில் பிள்ளைகளுக்கு இதைப் போட்டுக் காட்டுவதுண்டு (பள்ளிப் பிள்ளைகளுக்கு நாடகம் சொல்லிக்கொடுக்கிறேன்). தண்ணீர் அடிப்பதற்கு அவர்கள் சிரிப்பதில்லை. பையன் காலைத் தூக்கிக் குழாய்மேல் வைக்கும்போதே சிரித்துவிடுகிறார்கள். மேலே 8ஆம் தேதி எழுதியதற்கு இதைவிடச் சுருக்கமான சாட்சி கிடையாது.

அதில் இன்னொன்றையும் பாருங்கள். தோட்டக்காரர் ஓடிப்போன பையனை ஓரத்தில் பிடிக்கிறார். அங்கேயே அடித்திருக்கலாம். காதைப் பிடித்து இழுத்துக்கொண்டு கேமராவுக்கு முன்னால் வந்து, நமக்கு நன்றாகத் தெரிகிற இடத்தில் நிறுத்தி, அப்புறம்தான் அடிக்கிறார். சினிமா பிறந்த அன்றே, உடம்பு முழுதாகத் தெரிய வேண்டும், நடப்பது கேமராவின் பார்வைக்குள் நடக்க வேண்டும் என்று ஒருவர் புரிந்துகொண்டிருக்கிறார்.

ஜூன் 13

மாக்ஸ் லிண்டரை ஏன் விட்டீர்கள் என்கிறார் ஒருவர். விடவில்லை. பாரிஸில் பாத்தே கம்பெனியின் நடிகர். பட்டுத் தொப்பி, நல்ல கோட்டு, மெழுகு தடவிய மீசை என்று பெரிய வீட்டுப் பிள்ளை வேடம். சாப்ளினே இவரைத் தன் ஆசான் என்று சொன்னவர். 1910ல் குளியல் தொட்டி வாங்கும் படம் ஒன்று உண்டு. தொட்டியைத் தூக்கிக்கொண்டு வீடு வந்து சேர்கிறார். குழாய் இருப்பதோ எல்லோரும் போய்வருகிற நடைவழியில். ஆகவே அங்கேயே குளிக்க உட்கார்கிறார். கந்தலில் இருப்பவன் நடைவழியில் குளித்தால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். இவ்வளவு மரியாதைப்பட்ட ஆள் அங்கே உட்கார்ந்திருக்கிறார் என்பதுதான் விஷயம்.

ஜூன் 17

"அடிபட்டவனைப் பார்த்துச் சிரிப்பது கொடுமை இல்லையா?" என்ற கேள்விக்கு இரண்டு நாளாக எழுதி எழுதி அழித்தேன். லேசான கேள்வி இல்லை.

கீட்டனின் சிறுவயது: அப்பா, அம்மா, பிள்ளை மூவரும் மேடையில் ஏறுவார்கள். அப்பா பையனைத் தூக்கி எறிவதுதான் நிகழ்ச்சி. எறிய வசதியாகச் சட்டையின் முதுகில் பெட்டிக் கைப்பிடி ஒன்றைத் தைத்திருந்தார்கள். குழந்தைகள் பாதுகாப்பு அமைப்புகள் பலமுறை வழக்குக்கு வந்தன. விழும்போது தான் சிரித்தால் கூட்டம் சிரிப்பதில்லை, முகத்தைக் கல்லாக வைத்துக்கொண்டால் சிரிக்கிறது என்று கீட்டன் கற்றுக்கொண்டது அங்கேதான். உலகம் கொண்டாடுகிற அந்த உணர்ச்சி காட்டாத முகம் அப்படி வந்தது. அதைப் படித்த பிறகு எனக்கு அந்த முகத்தைப் பழையபடி பார்க்க முடிவதில்லை.

அதே காலத்து நகைச்சுவை நடிகர் ஹரால்டு லாயிட்: 1919 ஆகஸ்டில், விளம்பரப் புகைப்படத்துக்காகக் கையில் பிடித்த பொம்மை வெடிகுண்டு நிஜமாகவே வெடித்தது. வலது கையில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போயின. உயரமான கட்டடங்களில் தொங்குகிற அவருடைய புகழ்பெற்ற படங்கள் அதற்குப் பிறகுதான் வந்தன. விரல் இருப்பது போலக் காட்டும் கையுறையைப் போட்டுக்கொண்டு நடித்தார்.

என் அனுபவத்தில் ஒன்று சொல்கிறேன். பட்டறையில் விழச் சொல்லிக்கொடுப்பேன். தாடையை நெஞ்சோடு ஒட்டு, மூச்சை வெளியே விடு, முட்டியில் இறங்காதே, தொடையின் பக்கவாட்டில் இறங்கி இடுப்பு, தோள் என்று உருண்டு போ. பிள்ளைகள் ஒரு வாரத்தில் பிடித்துக்கொள்வார்கள். ஒரு பையன் ஒவ்வொரு முறையும் வலிப்பது போல முகத்தைக் காட்டினான், யாரும் சிரிக்கவில்லை. "விழுந்தபிறகு வலியை விட்டுவிடு, உன் செருப்பைத் தேடு" என்றேன். விழுந்தான், செருப்பைத் தேடினான், அறையே சிரித்தது. விழுந்தவனுக்கு வலியைவிட முக்கியமான வேலை ஒன்று பாக்கி இருக்கிறது என்றால் நமக்குச் சிரிக்க அனுமதி கிடைக்கிறது. அவன் எழுந்துவிடுவான் என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது.

கொடுமை என்ற கேள்விக்கு இது முழுப் பதில் ஆகாது. திரைக்குப் பின்னால் நிஜமாக உடைந்த எலும்புகள் இருக்கின்றன.

ஜூன் 17, தொடர்ச்சி

உடைந்த எலும்பு என்றதும் நினைவு வந்தது. 1921ல் மின்சார வீடு பற்றிய படம் எடுக்கும்போது நகரும் படிக்கட்டில் கால் சிக்கிக் கீட்டனுக்குக் கணுக்கால் உடைந்தது. அந்தப் படத்தை அப்போதைக்குக் கைவிட்டார்கள். பெரிதாக விழ முடியாத நிலையில் அவர் எடுத்ததுதான் 'தி பிளேஹவுஸ்'. ஒரு கனவுக் காட்சியில் வாத்தியக்காரர், பார்வையாளர், மேடையில் ஆடுபவர் என்று எல்லோரும் கீட்டனே. ஒரே சட்டகத்தில் ஒன்பது கீட்டன்கள்! லென்ஸின் ஒரு கீற்றை மட்டும் திறந்து எடுத்து, பிலிமைப் பின்னால் சுற்றி, அடுத்த கீற்றைத் திறந்து மறுபடி எடுத்தார்கள். கேமராவைச் சுற்றியவர் எல்ஜின் லெஸ்லி. மோட்டார் இல்லாமல் ஒன்பது முறையும் ஒரே வேகத்தில் சுற்ற வேண்டும். கொஞ்சம் பிசகினால் ஒன்பது பேரின் ஆட்டமும் கலைந்துவிடும். கீட்டன் பாஞ்சோ இசைக்குத் தாளம் பிடித்து ஆடினார், லெஸ்லியின் கை அதற்கு ஈடு கொடுத்தது. ஊமைப்பட நகைச்சுவை பற்றிப் பேசும்போது கேமராக்காரர் பெயரைச் சொல்லாமல் விடுவது எனக்குப் பெரிய குறையாகப் படுகிறது.

ஜூன் 20

பெண்களே இல்லையா என்று கேட்டவருக்கு: இருந்தார்கள், நிறைய.

பிரான்ஸில் ஆலிஸ் கி, கோமோன் கம்பெனிக்காக 1906ல் ஒரு மெத்தைப் படம் எடுத்தார். மெத்தை தைக்கிற பெண் வேலையைப் பாதியில் விட்டுப் போன நேரத்தில் ஒரு குடிகாரன் உள்ளே புகுந்துகொள்கிறான். அவள் திரும்பி வந்து, கவனிக்காமல் வாயைத் தைத்துவிடுகிறாள். பிறகு அந்த மெத்தையைத் தூக்கிக்கொண்டு தெருவெல்லாம் போராடுகிறாள். பஞ்சுக்கு இருக்க வேண்டிய எடை வேறு, அவள் முதுகு தாங்குகிற எடை வேறு. நமக்கு அது தெரியும், அவளுக்குத் தெரியாது.

கீஸ்டோனில் மேபல் நார்மண்ட். ஓடுவார், குதிப்பார், அடிப்பார், 1914லேயே தான் நடித்த படங்களை இயக்கவும் செய்தார். புதிதாக வந்த சாப்ளினுக்கு இவர் கீழே நடிப்பது பிடிக்காமல் சண்டையே வந்தது. மேபலுக்கு இன்னும் பெரிய இடம் கிடைத்திருக்க வேண்டும் என்பது என் தீர்மானமான கருத்து. 1916ல் ஆர்பக்கிளோடு நடித்த ஒரு படத்தில், கடற்கரையில் இருக்கும் அவர்கள் வீடு ராத்திரி கடலுக்குள் மிதந்து போய்விடும். அதற்கு முன்னால் தூங்குகிற மேபலுக்கு ஆர்பக்கிளின் நிழல் குனிந்து முத்தம் கொடுக்கும். 120 கிலோ ஆளின் நிழல், சத்தமில்லாமல். அடிதடிக் கம்பெனி என்று பெயர் வாங்கிய இடத்தில் இப்படியும் ஒரு நொடி.

ஜூன் 24

"காத்திருப்பு, காத்திருப்பு என்கிறீர்கள். 'கிட் ஆட்டோ ரேசஸ்' படத்தில் என்ன காத்திருப்பு?" என்று ஒருவர் மடக்கியிருக்கிறார். இரண்டு தடவை பார்த்துவிட்டு எழுதுகிறேன்.

1914 பிப்ரவரியில் வந்த படம். கலிபோர்னியாவின் வெனிஸில் சிறுவர் கார் பந்தயம், நிஜமான கூட்டம். கேமராவுக்கு முன்னால் ஒரு தொளதொளக் கால்சட்டைக்காரர் வந்து வந்து நிற்கிறார், தள்ளிவிட்டால் மறுபடி வருகிறார். கதை அவ்வளவுதான். தொப்பியும் தடியுமாக அந்த வேடத்தை உலகம் முதலில் பார்த்தது இதில்தான். அங்கே நிற்கும் கூட்டத்துக்கு அவர் யாரென்று தெரியாது. முதலில் முறைக்கிறார்கள், கொஞ்சம் கொஞ்சமாக முகம் மலர்கிறது. இங்கே ஆள் விழுவதற்கு நாம் காத்திருக்கவில்லைதான். எப்போது திரும்ப வருவார் என்று காத்திருக்கிறோம். திரையின் ஓரத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கிறோம். ஆகவே என் கருத்தை விட்டுக்கொடுக்க மனம் இல்லை, கொஞ்சம் அகலப்படுத்திக்கொள்கிறேன்.

அதே சமயம் 'ஒன் ஏ.எம்.' (1916) எனக்கு ஒத்துவரவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஏறக்குறைய முழுப் படமும் சாப்ளின் தனி ஆள். குடித்துவிட்டு வீட்டுக்கு வந்து, மாடிப்படி ஏறி, சுவரிலிருந்து மடிந்து இறங்கும் கட்டிலோடு மல்லுக்கட்டுகிறார். உடம்பின் திறமை என்று பார்த்தால் இதை மிஞ்ச ஆள் இல்லை. ஆனால் பாதியில் களைப்பாக இருக்கிறது. ஆஸ்டினைப் போல நின்று பார்க்கிற ஒரு முகம் அங்கே இல்லை. வண்டிக்காரராக ஆரம்பத்தில் வந்து அசையாமல் உட்கார்ந்திருப்பவர் அதே ஆஸ்டின்தான், அவர் போன பிறகு எனக்கு ஏதோ குறைகிறது.

ஜூன் 25

இதை நேற்றே சேர்த்திருக்க வேண்டும். காத்திருக்க வைப்பதற்குப் படம் எடுப்பவரிடமும் நேரம் இருக்க வேண்டும், நேரத்துக்குக் காசு வேண்டும். கீஸ்டோனில் சாப்ளினுக்கு வாரம் 150 டாலர், ஒரே வருடத்தில் முப்பதுக்கும் மேற்பட்ட படங்கள். 1915ல் எஸ்ஸனே கம்பெனியில் வாரம் 1,250. 1916ல் மியூச்சுவல் கம்பெனியில் வாரம் 10,000, கையெழுத்துப் போட்டதற்குத் தனியாக 1,50,000. அங்கே சுமார் ஒன்றரை வருடத்தில் 12 படங்கள்தான். அடகுக்கடை அந்தப் பன்னிரண்டில் ஒன்று.

அந்தப் படங்களின் கழித்துப்போட்ட பிலிம் துண்டுகள் தப்பிப் பிழைத்தன. கெவின் பிரவுன்லோவும் டேவிட் கில்லும் 1983ல் அவற்றை வைத்து ஓர் ஆவணத் தொடர் செய்தார்கள். எழுதிய திரைக்கதை இல்லாமல், கேமரா முன்னாலேயே ஒரு வேடிக்கையைத் திரும்பத் திரும்பச் செய்து தேடுவதை அதில் பார்க்கலாம். சரியாக வராத முயற்சிகளைப் பார்த்தபோதுதான் எனக்கு அந்த மனிதர் மேல் உண்மையான மரியாதை வந்தது.

ஜூலை 1

கிரீம் பை (கிரீம் நிரப்பிய வட்டமான மேல்நாட்டுப் பலகாரம்) எறிவது பற்றி ஆரம்பத்திலிருந்தே கேட்கிறீர்கள். நகைச்சுவை ஜோடி லாரல், ஹார்டி நடித்த 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி', 1927. அதில் எறிந்தது 3000 பை என்பார்கள்.

அந்தச் சண்டையை வெகுகாலம் உலகம் பார்த்தது 1957ல் வந்த ஒரு தொகுப்புப் படத்தில் இருந்த துண்டுகளாகத்தான். அதில் எடுத்த எடுப்பிலேயே பைகள் பறக்கும். அதைப் பார்த்துவிட்டுத்தான் பலர் 'வெறும் எறிதல்' என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். 2015ல் இரண்டாவது ரீல் முழுதாகக் கிடைத்தது. எவ்வளவு நிதானம்! ஹார்டி வாழைப்பழத் தோலை நடைபாதையில் வைத்துவிட்டு லாரல் வழுக்குவதற்குக் காத்திருக்கிறார். வழுக்குவது பை சுமந்து வரும் கடை ஆள். அவருக்குக் கோபம், ஒரு பை ஹார்டி முகத்துக்கு வருகிறது. பதிலுக்கு ஒன்று. குறி தப்பி, வழியில் போகிற ஒருவருக்கு. அவர் துடைத்துக்கொண்டு, யோசித்து, நடந்து வந்து, தானும் ஒன்றை எடுக்கிறார். ஒவ்வொரு புது ஆளுக்கும் அந்த யோசிக்கிற நேரம் கிடைக்கிறது. கோபத்துக்கும் ஒரு மரியாதை, ஒரு வரிசை. தெருவே பை மயமாவது அதற்குப் பிறகுதான்.

அந்தக் களேபரத்தில் எனக்கு மிகப் பிடித்தது யாருமே எறியாத ஒரு பை. அனிதா கார்வின் நடித்த, நன்றாக உடுத்திய ஒரு பெண் தெரு முனையில் திரும்புகிறார், வழுக்கி ஒரு பை மேலேயே உட்கார்ந்துவிடுகிறார். என்ன நடந்தது என்று அவர் முகம் மெல்லப் புரிந்துகொள்கிறது. எழுந்து, யாரும் பார்க்காதது போல ஒரு காலை மட்டும் லேசாக உதறிவிட்டு நடையைக் கட்டுகிறார். அந்தக் கால் உதறலைத் தவறான வேகத்தில் ஓட்டிப் பாருங்கள், ஒன்றும் தெரியாது.

ஜூலை 2

"முழுப் படமும் கிடைத்துவிட்டதா?" என்று கேட்டவருக்கு: இல்லை. முதல் ரீலில் காப்பீட்டு ஏஜென்ட் வருகிற காட்சி ஒன்று உண்டு. லாரலுக்கு அடிபட்டால் பணம் வரும் என்று ஹார்டி அவர் பெயரில் காப்பீடு எடுப்பது அங்கேதான். 2015ல் கிடைத்தது இரண்டாவது ரீல் என்பதால் அது இதில் வராது. ஹார்டி வாழைப்பழத் தோலை ஏன் அவ்வளவு கவனமாக வைக்கிறார் என்பதற்கான காரணமே அந்தக் காட்சிதான். படம் பார்ப்பதற்கு முன்னால் பக்கத்தில் இருப்பவருக்கு அந்த ஒரு விஷயத்தைச் சொல்லிவிட்டு ஆரம்பியுங்கள்.